ஆடு பாம்பே: மருத்துவாமலையிலிருந்து ராக் மேடைக்கு

பொன்முடி போகும் வழியில், விதுராவில் நான் கடை வைத்து நாற்பது வருடமாகிறது. மாலையில் கணக்கு முடித்துவிட்டுப் பழைய நூல்களைப் புரட்டுவது வழக்கம். ஒருநாள் பேரன் கைப்பேசியில் காதைப் பிளக்கும்படி ஒரு பாட்டுப் போட்டான். "நிறுத்துடா" என்று வாயெடுத்தவன் அப்படியே நின்றுவிட்டேன். கிதாரும் டிரம்ஸும் இடிக்கிற நடுவே "ஆடு பாம்பே" என்று கேட்டது. நம் பாம்பாட்டிச் சித்தர் அல்லவா!

விவரம் பேரன் சொன்னான். திருவனந்தபுரத்தில் 2003இல் தோன்றிய 'அவியல்' என்னும் ராக் குழு, 2008இல் தன் பெயரிலேயே வெளியிட்ட எட்டுப் பாட்டுத் தொகுப்பில் இது ஒன்று. சொற்கள் ஸ்ரீநாராயண குருவின் 'குண்டலினிப் பாட்டு'. மேல்நாட்டில் பிங்க் பிளாய்டு குழுவின் 'தி வால்' (1979) போல, ஒரே கதையைப் பாட்டுகளால் கோத்துச் சொல்லும் தொகுப்புகளும் உண்டாம். அதில் அரை நிமிடப் பாட்டுகூட உண்டாம். "நம்ம சிலம்பிலே குன்றக்குரவை வர்ற மாதிரிதானே" என்றேன். அவியல் தொகுப்பு அப்படிக் கதை சொல்வதன்று. இருந்தும் அதற்குள் இருக்கும் இச்சிறு பாட்டுக்குப் பின்னே ஒரு பெருங்கதை இருக்கிறது.

பாம்பாட்டிச் சித்தர், உடலுள் உறங்கும் குண்டலினியைப் பாம்பென்று விளித்து, பாட்டுதோறும் அதை ஆடச் சொல்லி முடிப்பார். குருவும் அதே பாம்பை அதே போல விளிக்கிறார். இது எப்படி நேர்ந்தது?

செம்பழந்தியில் பிறந்த குரு, தைக்காட்டு அய்யாவு சுவாமிகளிடம் யோகம் பயின்றவர். அய்யாவு ஒரு தமிழர். தைக்காட்டு ரெசிடென்சியில் மேற்பார்வையாளராக இருந்தவர். 1888இல் அருவிப்புரத்தில் சிவலிங்கம் நிறுவுமுன் குரு தவமிருந்த இடங்களுள் ஒன்று நாகர்கோவிலை அடுத்த மருத்துவாமலை. (கோவை மருதமலையில் பாம்பாட்டிச் சித்தர் குகை என்று ஒன்றைக் காட்டுவார்கள். பெயர் ஒற்றுமையில் மயங்கி நானே ஒரு கூட்டத்தில் இரண்டையும் ஒன்றாக்கிப் பேசி அசடு வழிந்தேன்.) குரு தமிழிலேயே தேவாரப் பதிகங்கள் பாடினார். திருக்குறளில் சில அதிகாரங்களையும் 'ஒழிவில் ஒடுக்கம்' நூலின் ஒரு பகுதியையும் மலையாளமாக்கினார்.

சங்கத்து நண்பர் ஒருவரிடம் இதைச் சொன்னதும், "பார்த்தீரா, நம்ம சரக்கை எடுத்துக்கிட்டாங்க" என்றார். வியாபாரியான எனக்கு இந்தக் கணக்கு ஒப்பவில்லை. அன்று நாஞ்சில் நாடும் திருவிதாங்கூர்; மருத்துவாமலையும் திருவிதாங்கூர். 1956 நவம்பர் 1இல்தான் அகஸ்தீஸ்வரம் முதலான தாலுகாக்கள் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. குருவுக்குத் தமிழ் அயல்வீட்டு மொழியன்று. கற்று, எழுதி, புழங்கிய மொழி. பாட்டு ஒரே வீட்டுக்குள் அறை மாறியிருக்கிறது, அவ்வளவே. உண்மையில் நாம்தான் அந்தச் சரக்கைக் கவனியாமல் விட்டோம். என் பேரனுக்குச் சித்தர் பாட்டு மலையாள ராக் வழியாகத்தான் வந்து சேர்ந்தது. தாத்தா வழியாக வரவில்லை. இதைச் சொல்ல எனக்கு வெட்கமாகத்தான் இருக்கிறது.

அன்று இரவு அலமாரியிலிருந்து சித்தர் பாடல் திரட்டை எடுத்து வாசித்துக் காட்டினேன். பேரன் மேசையில் தாளம் தட்டிப் பார்த்தான். "தாத்தா, இது அதே பீட்டுக்குச் சரியா உக்காருது!" என்றான். இன்னொரு தடவை மெதுவாகப் படிக்கச் சொல்லி, நோட்டை எடுத்து எழுதிக்கொண்டான், மலையாள எழுத்தில்.