ஆட்டோபான் அரசியல் – 7: ஞாயிற்றுக்கிழமைக் கையெழுத்து

சென்ற வாரம் ஜெர்மன் சான்சலர் ஏஞ்சலா மெர்க்கெலை டி.வி. மேடையில் நிறுத்திவிட்டு வந்தோம். 2013 செப்டம்பர் 1. எதிரே சமூக ஜனநாயகக் கட்சியின் வேட்பாளர் பீர் ஷ்டைன்ப்ரூக். கார்களுக்குச் சாலைச் சுங்கம் வருமா என்ற பேச்சு எழுந்தது. பிடி கொடுக்காமல் பேசுவதில் பேர்போனவர் மெர்க்கெல். அன்று மட்டும் பளிச்சென்று சொன்னார்: "நான் இருக்கும்வரை கார்களுக்குச் சுங்கம் வராது."

அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் பவேரிய முதல்வரும் சி.எஸ்.யூ. கட்சித் தலைவருமான ஹோர்ஸ்ட் ஸேஹோஃபர் ஒரு சவால் விட்டிருந்தார். வெளிநாட்டுக் கார்களுக்குச் சுங்கம் இல்லாத எந்தக் கூட்டணி ஒப்பந்தத்திலும் கையெழுத்துப் போடமாட்டேன் என்றார். மெர்க்கெலின் சி.டி.யூ.வும் ஸேஹோஃபரின் சி.எஸ்.யூ.வும் தேர்தலில் ஒரே அணி. அந்த அணியில் ஒரு தலைவர் வராது என்கிறார், இன்னொருவர் வந்தே தீரும் என்கிறார். யார் சொன்னது நடந்தது?

செப்டம்பர் 15 அன்று பவேரிய மாநிலத் தேர்தல். சி.எஸ்.யூ. 47.7 சதவீத வாக்கு வாங்கி, இழந்திருந்த தனிப்பெரும்பான்மையை மீட்டது. அதன் பிறகு ஸேஹோஃபரின் குரலை யார் அடக்குவது? டிசம்பரில் சமூக ஜனநாயகக் கட்சியோடு கையெழுத்தான கூட்டணி ஒப்பந்தத்தில் சுங்கம் ஏறிவிட்டது. கூடவே இரண்டு நிபந்தனைகளும் ஏறின. ஜெர்மனியில் கார் வைத்திருக்கும் எவருக்கும் இப்போது இருப்பதைவிட ஒரு சென்ட்கூடச் சுமை கூடக்கூடாது. அதே சமயம் ஐரோப்பிய ஒன்றியத்தின் சட்டத்துக்கும் உட்பட்டு இருக்க வேண்டும்.

அந்த ஒன்றியத்தின் அடிப்படை விதிகளில் ஒன்று, தன் நாட்டவர், பிற உறுப்பு நாட்டவர் என்று பாகுபாடு காட்டக்கூடாது என்பது. முதல் நிபந்தனையோ பாகுபாடு காட்டியே ஆகவேண்டும் என்கிறது. இரண்டும் அடுத்தடுத்த வரிகளில் உட்கார்ந்திருந்தன. மெர்க்கெலும் கையெழுத்துப் போட்டார்.

இந்த வெளிநாட்டுக் கார் விவகாரம் பவேரியாவில் மட்டும் ஏன் இப்படிப் பற்றி எரிந்தது? அதைப் புரிந்துகொள்ள நம் நாயகன் ஆண்ட்ரியாஸ் ஷோயரின் ஊருக்குப் போகவேண்டும்.

டான்யூப், இன், இல்ஸ் என்று மூன்று ஆறுகள் கூடும் ஊர் பாசாவ். ஆஸ்திரிய எல்லை கூப்பிடு தூரம். ஏ3 நெடுஞ்சாலையில் கிளம்பினால் கொஞ்ச நேரத்தில் சூபன் எல்லைச் சாவடி. அதைத் தாண்டி ஆஸ்திரிய நெடுஞ்சாலையில் சக்கரம் வைக்கவேண்டும் என்றால் முன்கண்ணாடியில் 'விஞ்ஞெட்' ஸ்டிக்கர் ஒட்டியிருக்க வேண்டும் என்பது அன்றைய விதி. ஆண்டுக்கு ஒரு நிறம். வாங்கிக் கையில் வைத்திருந்தால் போதாது, ஒட்டியிருக்க வேண்டும், இல்லையென்றால் அபராதம். 1997 முதல் அதுதான் நடைமுறையாக இருந்தது. 2013இல் ஓராண்டு ஸ்டிக்கரின் விலை சுமார் 80 யூரோ. சுவிட்சர்லாந்து பக்கம் போனால் அங்கே 40 ஃப்ராங்க்.

ஆனால் ஆஸ்திரியக்காரர் பாசாவ் வழியாக ஜெர்மனிக்குள் வந்தால் கடற்கரை வரைக்கும் காலணா கொடுக்காமல் ஓட்டலாம். சாலை போட்டது ஜெர்மானியர் வரிப்பணம். எல்லையோரப் பவேரியக்காரர் ஒவ்வொரு முறை ஸ்டிக்கர் வாங்கும்போதும் வயிறெரிந்தார். அந்த எரிச்சலில் நியாயம் இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஆஸ்திரியாவில் அந்த ஸ்டிக்கரை ஆஸ்திரியரும் காசு கொடுத்துத்தான் வாங்குகிறார். ஜெர்மனியும் அதையே செய்திருந்தால் கேள்வியே எழுந்திருக்காது. உள்ளூர்க்காரர் கொடுக்கவேண்டாம் என்று வாக்குக் கொடுத்ததில்தான் வினையே பிறந்தது.

ஆண்ட்ரியாஸ் ஷோயர் பிறந்தது இந்த பாசாவில், 1974 செப்டம்பர் 26இல். 2002 தேர்தலில் நாடாளுமன்றத்துக்குத் தேர்வானபோது 28 வயது நிறைய இன்னும் நான்கு நாள் இருந்தது. 2009இல் போக்குவரத்து அமைச்சகத்தில் நாடாளுமன்றச் செயலர். அமைச்சர் பீட்டர் ராம்சாவரும் அதே கட்சிக்காரர். அங்கிருந்து 2021 கடைசி வரை அந்த அமைச்சகம் சி.எஸ்.யூ.வின் கையை விட்டுப் போகவே இல்லை. பன்னிரண்டு ஆண்டு! எந்தத் தொகுதியில் புறவழிச்சாலை, எந்த ஊருக்குப் பாலம் என்று முடிவாகும் இடம் அது. பவேரியாவில் மட்டுமே போட்டியிடும் ஒரு கட்சி அந்த நாற்காலியை ஏன் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது என்பதற்குத் தனியாக விளக்கம் தேவையில்லை.

2013 டிசம்பரில் கட்சியின் பொதுச் செயலாளர் அலெக்ஸாண்டர் டோப்ரிண்ட் போக்குவரத்து அமைச்சராகப் போனார். காலியான பொதுச் செயலாளர் பதவிக்கு ஷோயர் வந்தார். அடுத்த மாதமே ஒரு சிக்கல். அவர் பெயருக்கு முன்னால் போட்டுக்கொண்டிருந்த டாக்டர் பட்டம் பிராகில் வாங்கியது, ஜெர்மனியின் பெரும்பாலான மாநிலங்களில் செல்லாது என்ற செய்தி வெடித்தது. இனி போட்டுக்கொள்ளமாட்டேன் என்று அறிவித்துவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போனார். பொதுச் செயலாளரின் வேலை என்ன? தலைவர் சொன்னதை இன்னும் உரக்கச் சொல்வது, எதிர்க்கட்சியைச் சீண்டுவது, கொடுத்த வாக்குறுதி தேய்ந்துபோகாமல் பார்த்துக்கொள்வது. ஷோயர் அதில் கெட்டிக்காரர்.

சுங்கத்தைச் சட்டமாக்கும் பொறுப்பு டோப்ரிண்டுடையது. இரட்டை நிபந்தனைக்கு அவர் கண்ட வழி இதுதான். சுங்கம் எல்லாருக்கும் பொது, காரின் வகையைப் பொறுத்து ஆண்டுக்கு அதிகபட்சம் 130 யூரோ. ஆனால் ஜெர்மனியில் பதிவான கார்களுக்கு, கட்டிய சுங்கம் எவ்வளவோ அவ்வளவும் வாகன வரியில் கழிந்துவிடும். இந்தக் கையில் வாங்கி அந்தக் கையில் கொடுத்துவிடுவது. கழித்துக்கொள்ள ஜெர்மன் வாகன வரி இல்லாதவர் வெளிநாட்டுக்காரர் மட்டும்தான். காகிதத்தில் பாகுபாடு இல்லை, கணக்கில் மட்டும் இருந்தது.

2015 மார்ச் 27இல் மசோதா ஜெர்மன் நாடாளுமன்றமான பண்டஸ்டாகில் நிறைவேறியது. ஜூனில் சட்டமாகிவிட்டது. அச்சு மை காய்வதற்குள், ஜூன் 18 அன்று ஐரோப்பிய ஆணையம் ஜெர்மனி மீது நடவடிக்கையைத் தொடங்கியது. ஆணையத்தின் வாதம் எளிமையானது: வரிக் கழிவு சுங்கத்தோடு யூரோவுக்கு யூரோ ஒத்துப்போகிறது, ஆகவே பணம் கட்டுவது அயலார் மட்டுமே. இந்த ஜூன் 18ஐ மனதில் வைத்துக்கொள்ளுங்கள், இதே தேதி மறுபடி வரும்.

டோப்ரிண்ட் திட்டத்தைத் தள்ளிவைத்தார், ஆனால் விடவில்லை. 2016 டிசம்பரில் ஆணையத்தின் போக்குவரத்துப் பொறுப்பாளர் வயலெட்டா புல்ட்ஸோடு சமரசம் பேசி முடித்தார். குறுகிய கால அனுமதிக்கு விலை வரிசை மாறியது, புகை குறைந்த கார்களுக்குக் கழிவு கூடியது. திருத்திய சட்டம் 2017 மார்ச்சில் நிறைவேறியது. ஆணையம் வழக்கைக் கைவிட்டது. பவேரியத் தலைநகர் முனிச்சில் நிம்மதிப் பெருமூச்சு.

வியன்னா மட்டும் விடவில்லை. ஒன்றியத்தில் ஓர் உறுப்பு நாடு இன்னோர் உறுப்பு நாட்டை நேரடியாக நீதிமன்றத்துக்கு இழுப்பது அபூர்வம். பெரும்பாலும் ஆணையத்திடம் விட்டுவிடுவார்கள். 2017 அக்டோபரில் ஆஸ்திரியா அந்த அபூர்வத்தைச் செய்தது. நெதர்லாந்து ஆஸ்திரியாவின் பக்கம் சேர்ந்தது, டென்மார்க் ஜெர்மனியின் பக்கம். வழக்கு ஐரோப்பிய நீதிமன்றம் இருக்கும் லக்சம்பர்க் போய்ச் சேர்ந்தது.

2018 மார்ச் 14 அன்று ஷோயர் போக்குவரத்து அமைச்சரானார். டோப்ரிண்ட் உட்கார்ந்திருந்த நாற்காலியில் ஷோயர் உட்கார்வது இது இரண்டாவது முறை. அமைச்சகம் பெர்லினில் இன்வாலிடன் தெருவில் இருக்கிறது. அடுத்த கட்டடம் இயற்கை வரலாற்று அருங்காட்சியகம், உள்ளே 13 மீட்டர் உயரத்தில் ஒரு டைனோசர் எலும்புக்கூடு நிற்கிறது. பள்ளிப் பிள்ளைகள் அதைப் பார்க்க வரிசையில் நிற்பார்கள். அமைச்சரின் மேசையில் இருந்ததோ, முன்னவர் விட்டுப்போன இந்தச் சுங்கம்.

சட்டம் இருக்கிறது, வசூலிக்க ஆள் வேண்டும். கண்ணாடியில் ஸ்டிக்கர் ஒட்டுகிற பழைய முறை வேண்டாம், நம்பர் பிளேட்டைக் கேமரா படித்துக்கொள்ளும் மின்னணு முறை என்று தீர்மானம் ஆகியிருந்தது. ஏலத்தில் கடைசிவரை நின்றது ஒரே ஒரு கூட்டணி. ஆஸ்திரியாவின் சுங்க எந்திர நிறுவனமான காப்ஷும், கச்சேரி, விளையாட்டுப் போட்டிகளுக்கு டிக்கெட் விற்கும் ஜெர்மன் நிறுவனமான சி.டி.எஸ். ஈவென்டிமும் சேர்ந்த கூட்டணி. ஆம், ஆஸ்திரியா எதிர்த்து வழக்குப் போட்ட சுங்கத்தை வசூலிக்க ஒரு வியன்னா கம்பெனி. வியாபாரத்துக்கு எல்லைக்கோடு ஏது!

விலை இடித்தது. 2018 அக்டோபரில் வந்த இறுதி விலை 3 பில்லியன் யூரோவுக்கு மேல். நாடாளுமன்றம் ஒதுக்கியிருந்தது 2.08 பில்லியன். அந்த ஒதுக்கீடும் ஆண்டுக் கடைசியோடு காலாவதி. அதே அக்டோபர் 14 அன்று பவேரியத் தேர்தலில் சி.எஸ்.யூ. 37.2 சதவீதத்துக்குச் சரிந்து தனிப்பெரும்பான்மையை மறுபடி இழந்திருந்தது. கட்சிக்கு ஒரு வெற்றி அவசரமாகத் தேவை. பேரம் நடந்தது. லாரிச் சுங்கத்துக்காக அரசு நிறுவனமான டோல் கலெக்ட் வைத்திருந்த வசதிகளைப் பயன்படுத்திக்கொள்ளலாம் என்று சில வேலைகளை அந்தப் பக்கம் தள்ளி, விலை 2 பில்லியனுக்குக் கொஞ்சம் கீழே இறங்கியது.

இப்போது அமைச்சர் முன்னால் இரண்டு வழி. ஒன்று, தீர்ப்பு வரும்வரை காத்திருப்பது. அதற்கு மறுபடி நாடாளுமன்றத்திடம் போய்ப் பணமும் அவகாசமும் கேட்கவேண்டும். கூட்டணிக் கட்சியான சமூக ஜனநாயகக் கட்சிக்கு இந்தச் சுங்கம் ஒருநாளும் பிடித்ததில்லை, மறுபடி சம்மதிக்குமா? மற்றது, உடனே கையெழுத்துப் போடுவது. தீர்ப்பு பாதகமானால் ஒப்பந்தத்தை முறிக்கவேண்டி வரும், நிறுவனங்களுக்குக் கிடைத்திருக்கக்கூடிய லாபத்தையும் சேர்த்து நஷ்டஈடு தரவேண்டியிருக்கும்.

ஷோயரின் தரப்பையும் சொல்லிவிட வேண்டும். அமலில் இருக்கும் சட்டத்தை நடைமுறைப்படுத்துவது அமைச்சரின் கடமை. ஆணையமே ஒப்புக்கொண்ட திட்டம். தாமதிக்கும் ஒவ்வோர் ஆண்டும் ஏறக்குறைய 500 மில்லியன் யூரோ வருமானம் போகிறது. இதெல்லாம் அவர் சொன்ன காரணங்கள், காதில் போட்டுக்கொள்ளத் தகுந்தவைதான். ஆனாலும் நீதிமன்றத்தில் நிலுவையில் இருக்கும் விஷயத்துக்கு 2 பில்லியனைப் பணயம் வைப்பது அமைச்சர் எடுக்கிற முடிவா, பொதுச் செயலாளர் எடுக்கிற முடிவா? பொதுச் செயலாளர்தான் ஜெயித்தார் என்பது என் கணிப்பு.

2018 டிசம்பர் 30, ஞாயிற்றுக்கிழமை. கிறிஸ்துமஸ் முடிந்து புத்தாண்டுக்குக் காத்திருக்கும் நாள், பெர்லினில் பாதி அலுவலகங்கள் பூட்டிக் கிடக்கும். அன்று ஒப்பந்தம் கையெழுத்தானது. ஒதுக்கீடு காலாவதியாக ஒரு நாள்தான் பாக்கி.

முதல் ஐந்து மாதம் ஷோயருக்கு ராஜயோகம். 2019 பிப்ரவரி 6 அன்று ஐரோப்பிய நீதிமன்றத்தின் சட்ட ஆலோசகர் நில்ஸ் வால் தன் கருத்தை வெளியிட்டார்: ஆஸ்திரியாவின் வழக்கைத் தள்ளுபடி செய்யலாம். நீதிபதிகள் பெரும்பாலும் இந்த ஆலோசகர் சொல்வதன்படிதான் தீர்ப்பளிப்பார்கள். வசூல் 2020 அக்டோபரில் தொடங்கும் என்று ஏற்பாடு வேகமெடுத்தது. ஷோயரும் உற்சாகத்தில் இருந்தார். நெடுஞ்சாலையில் 130 கிலோமீட்டர் வேகவரம்பு வேண்டும் என்ற யோசனையைப் பகுத்தறிவுக்கே ஒவ்வாதது என்று ஜனவரியில் ஒதுக்கியிருந்தார். ஜூன் 15 அன்று மின்சார ஸ்கூட்டர்களைத் தெருவில் ஓட்ட அனுமதிக்கும் விதிகள் அமலுக்கு வந்தன.

மூன்று நாள் கழித்து ஜூன் 18. ஆணையம் நடவடிக்கை தொடங்கிய அதே தேதி, நான்காண்டு கழித்து. லக்சம்பர்க் நீதிமன்றம் தன் ஆலோசகரின் கருத்தை ஒதுக்கிவிட்டுத் தீர்ப்புச் சொன்னது. சுங்கத்தையும் வரிக் கழிவையும் பிரித்துப் பார்க்க முடியாது. இரண்டும் சேர்ந்தால் பாரம் முழுக்க வெளிநாட்டுக் கார் வைத்திருப்பவர் தலையில் விழுகிறது. இது நாட்டினத்தின் அடிப்படையில் மறைமுகப் பாகுபாடு. சட்டம் ஒன்றியத்தின் விதிகளுக்கு முரணானது.

எந்த வாக்குறுதி 2013இல் ஓட்டு வாங்கித் தந்ததோ, அதுவே சாட்சிக்கூண்டில் ஏறிவிட்டது. ஜெர்மானியருக்கு ஒரு சென்ட்கூடக் கூடாது என்று ஆறு வருடமாக மேடை மேடையாகச் சொல்லிவிட்டு, நீதிமன்றத்தில் வந்து பாகுபாடே இல்லை என்றால் யார் நம்புவார்கள்?

அமைச்சகம் ஒருநாள்கூடத் தாமதிக்கவில்லை. தீர்ப்பு வந்த அதே நாளில் ஒப்பந்த முறிவு அறிவிக்கப்பட்டது. தீர்ப்போடு நிற்காமல், நிறுவனங்கள் வேலையை ஒழுங்காகச் செய்யவில்லை என்ற காரணமும் சேர்க்கப்பட்டது. குற்றம் அவர்களுடையது என்று நிலைநாட்டிவிட்டால் நஷ்டஈடு தரவேண்டியதில்லை அல்லவா? நிறுவனங்கள் அதை ஏற்கவில்லை. டிசம்பரில் அவை நீட்டிய கணக்கு 560 மில்லியன் யூரோ. ஒரு கார்கூடச் சுங்கம் கட்டாத திட்டத்துக்கு! 2019 முடிவதற்குள் பண்டஸ்டாக் விசாரணைக் குழுவை அமைத்துவிட்டது.

அந்தக் குழு கோப்புகளைப் புரட்டியபோது ஒரு தேதி தனித்துத் தெரிந்தது. 2018 நவம்பர் 29, கையெழுத்துக்கு ஒரு மாதம் முன்பு. அன்று அமைச்சகத்தில் ஷோயரும் இரு நிறுவனங்களின் தலைவர்களும் சந்தித்திருக்கிறார்கள். 2020 அக்டோபர் 1 அன்று ஈவென்டிம் தலைவர் கிளாஸ்-பீட்டர் ஷூலன்பெர்க் விசாரணைக் குழு முன் சாட்சி சொன்னார். தீர்ப்பு வரும்வரை கையெழுத்தைத் தள்ளிவைக்கலாம், நாங்கள் காத்திருக்கத் தயார் என்று அந்தச் சந்திப்பிலேயே அமைச்சரிடம் சொன்னோம் என்றார். அது உண்மையென்றால் ஞாயிற்றுக்கிழமை அவசரத்துக்கு எந்த முகாந்திரமும் கிடையாது.

அதே நாள் இரவு, நள்ளிரவு தாண்டிய அந்த அமர்வில், சாட்சியாக ஷோயர் வந்து உட்கார்ந்தார். அப்படி ஒரு யோசனை முன்வைக்கப்பட்டதா என்று கேட்டார்கள். அவர் சொன்ன பதிலையும், அந்தப் பதில் அவரை எங்கெல்லாம் துரத்தியது என்பதையும் அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)