கணிப்பாளரின் மேசை: ஐசக் ரூபினோவும் கட்டாய மருத்துவக் காப்பீடும்

ஐசக் மேக்ஸ் ரூபினோவை (1875–1936) அமெரிக்கச் சமூகக் காப்பீட்டின் கோட்பாட்டாளர், சோசலிஸ்ட் என்று அறிமுகப்படுத்துவது வழக்கம். இரண்டும் சரிதான். ஆனால் 1911 முதல் 1916 வரை அவர் ஓஷன் ஆக்சிடென்ட் அண்ட் கேரண்டி என்னும் தனியார் காப்பீட்டு நிறுவனத்தின் தலைமைப் புள்ளியியலாளராக இருந்தார் என்பதை ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள். அவருடைய வாதத்தின் முதுகெலும்பு அந்த ஐந்தாண்டில்தான் இருக்கிறது என்பது என் கருத்து.

ருஷ்யப் பேரரசின் குரோத்னோவில் பிறந்து, 1893இல் அமெரிக்கா வந்து, நியூயார்க்கில் ஏழைகளுக்கு வைத்தியம் பார்த்தவர். பிறகு அத்தொழிலை விட்டு அரசுப் புள்ளியியல் பணிக்குப் போனார். நிறுவனத்தில் அவர் கையாண்டது விபத்து இழப்பீட்டுக்கான பிரீமியக் கணக்கு. உள்நாட்டுத் தரவு போதாததால் ஐரோப்பியப் பதிவுகளைத் துணைக்கொண்டு, ஒரு லட்சம் விபத்துகளில் சாவு எத்தனை, நிரந்தர ஊனம் எத்தனை, சில வார முடக்கம் எத்தனை என்று பகுத்து அட்டவணை வகுத்தார். எந்திரத்தில் யார் கை சிக்கும் என்று எவராலும் சொல்ல முடியாது. எத்தனை கை சிக்கும் என்று சொல்லலாம். நோயும் அப்படித்தான் என்றால், அதைத் தனியாள் சேமிப்பின் தலையில் கட்டுவது கணக்குப்படியே தவறு. 1913இல் வந்த அவரது ‘சமூகக் காப்பீடு’ நூலின் இரக்கம் இந்தக் கணக்கின்மேல்தான் நிற்கிறது.

1915இல் அமெரிக்கத் தொழிலாளர் சட்டச் சங்கம் கட்டாய மருத்துவக் காப்பீட்டுக்கான மாதிரி மசோதா ஒன்றை வெளியிட்டது. அதைத் தயாரித்த குழுவில் ரூபினோவும் இருந்தார். செலவில் ஐந்தில் இரு பங்கு முதலாளிக்கு, இரு பங்கு தொழிலாளிக்கு, ஒரு பங்கு அரசுக்கு. அதில் ஈமச்செலவுக்கு 50 டாலர் வரை தரும் ஒரு சிறு பிரிவும் இருந்தது. வம்பு அங்கே பிறந்தது. அநாதைப் பிணமாகப் புதைபடக் கூடாது என்று தொழிலாளர் குடும்பங்கள் ஈமச்செலவுக் காப்பீட்டுக்காக வாரந்தோறும் சில சென்ட்டுகளை வாசலுக்கு வரும் முகவரிடம் கொடுத்துவந்தன. புரூடென்ஷியல் போன்ற நிறுவனங்களுக்குப் பெருவருவாய் அது. அப்பணத்தில் கணிசமான பகுதியை வசூல் செலவே தின்றது. ரூபினோவின் கண்ணில் அது விரயம். நிறுவனத்துக்கோ அதுதான் வியாபாரம்.

மசோதாவைக் கடுமையாக எதிர்த்த பிரெடெரிக் ஹாஃப்மன், புரூடென்ஷியலின் புள்ளியியலாளர். அதே தொழில், அதே கருவி, எதிர் முடிவு. ஆகவே காப்பீட்டுக் கணிப்பியலே ரூபினோவைச் சீர்திருத்தவாதியாக்கியது என்று சொல்லிவிட முடியாது; ஏழைகளுக்கு வைத்தியம் பார்த்த அனுபவமும் சேர்ந்தே அந்தக் கணக்கைத் திசைதிருப்பியது. அவருடைய பிழையும் இங்கேதான்: எண்கள் எதிரியையும் இணங்கவைக்கும் என்று நம்பினார். 1916இல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் சமூகக் காப்பீட்டுக் குழுவுக்குச் செயலாளரானார்; 1920இல் அச்சங்கமே கட்டாயக் காப்பீட்டை எதிர்த்துத் தீர்மானம் போட்டது. இடையில், 1918இல், கலிபோர்னியா வாக்காளர்கள் தங்கள் மாநிலத்துக்கான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தைத் தோற்கடித்தனர். முதல் உலகப் போர்க்காலம்; ஜெர்மனியில் பிஸ்மார்க் கொண்டுவந்த 1883ஆம் ஆண்டு நோய்க் காப்பீட்டுச் சட்டத்தைக் காட்டி ‘ஜெர்மன் சரக்கு’ என்றால் போதுமாயிருந்தது.

1935இன் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தில் முதுமையும் வேலையின்மையும் இடம்பெற்றன. மருத்துவக் காப்பீடு இல்லை. ரூபினோவ் நோயுற்றுக் கிடந்தபோது, அவர் 1934இல் எழுதிய நூலின் தம் சொந்தப் பிரதியிலேயே கையொப்பமிட்டு அவருக்கு அனுப்பிவைத்தார் ஜனாதிபதி ரூஸ்வெல்ட்.