கொம்பும் பாய்க்கழியும் வானொலிக் கம்பியும்

கரப்பான் பூச்சியின் தலையிலிருந்து நீண்டு ஓயாது அசைந்துகொண்டிருக்கும் இரண்டு மெல்லிய இழைகளை நேயர்கள் கண்டிருப்பீர்கள். வீட்டுக் கூரையின்மேல் வானொலிக்காகவோ தொலைக்காட்சிக்காகவோ நாட்டப்பட்ட கம்பியையும் கண்டிருப்பீர்கள். முன்னையது உயிருள்ள உடம்பின் உறுப்பு. பின்னையது மனிதன் செய்த கருவி. எனினும் மேனாட்டு மொழிகள் பலவற்றில் இவ்விரண்டுக்கும் பெயர் ஒன்றே. அது 'அன்ரெனா' என்பது. பூச்சியின் உறுப்பைப் பார்த்தே வானொலிக் கம்பிக்கு இப்பெயரை இட்டிருப்பர் என்று எண்ணத் தோன்றும். சொல்லின் வரலாறோ வேறு வழியைக் காட்டுகின்றது. இரண்டும் இப்பெயரை மூன்றாவதொரு பொருளிடமிருந்து பெற்றன. அப்பொருள் கடலிற் செல்லும் மரக்கலத்தில் இருந்தது.

இவ்வரலாறு கிரேக்க நாட்டிலே தொடங்குகின்றது. கிறித்துவுக்கு முன் 4ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அரிஸ்டோட்டில் என்னும் பேரறிஞர், விலங்குகளின் வரலாறு பற்றி எழுதிய நூலில் பூச்சியினங்களையும் ஆராய்ந்தார். வண்ணத்துப்பூச்சி முதலிய சிலவற்றுக்குக் கண்களின் முன்னே இரண்டு உறுப்புகள் நீண்டிருப்பதைக் கண்டு, அவற்றைக் 'கெராயா' என்ற சொல்லாற் குறித்தார். கிரேக்க மொழியிற் 'கேரஸ்' என்பது கொம்பு. அதனடியாகப் பிறந்த கெராயா, கொம்புபோல் நீண்டு நிற்கும் எதற்கும் பெயராக வழங்கியது. எழுத்தின் தலையிலோ ஓரத்திலோ நீளும் சிறு கோட்டுக்கும் அதுவே பெயர். பாய்மரத்தின் குறுக்கே கட்டிப் பாயைத் தாங்கும் நீண்ட கழிக்கும் அதுவே பெயர். இக்கழியை இங்கே பாய்க்கழி என்று குறிப்போம்.

தமிழறிந்த நேயர்களுக்கு இது விந்தையாகத் தோன்றாது. நம் மொழியிலும் கொம்பு என்னும் சொல் மாட்டின் தலையோடு நின்றுவிடவில்லை. மரக்கிளையும் கொம்பு, ஊதும் இசைக்கருவியும் கொம்பு, எகர ஏகார உயிர்மெய்களின் முன்னே நாம் இடும் குறிகளும் ஒற்றைக்கொம்பு, இரட்டைக்கொம்பு என்றே பெயர் பெற்றுள்ளன. ஒன்றோடொன்று தொடர்பில்லாத இரு மொழிகள், வடிவ ஒப்புமை கருதி ஒரே வகையிற் பொருளை விரித்திருக்கின்றன.

பின்னர் ஏறத்தாழ 1800 ஆண்டுகள் கழிந்தன. தெசலோனிக்கா நகரிற் பிறந்த தியோடோர் காசா என்னும் கிரேக்க அறிஞர், 15ஆம் நூற்றாண்டில் இத்தாலி நாட்டுக்குச் சென்று வாழ்ந்தார். கிரேக்க நூல்களை இலத்தீன் மொழியிற் பெயர்த்துத் தருமாறு அறிஞர்களைப் பலரும் வேண்டிய காலம் அது. விலங்குகள் பற்றி அரிஸ்டோட்டில் எழுதியவற்றைக் காசா இலத்தீனாக்கினார். அம்மொழிபெயர்ப்பு 1476ஆம் ஆண்டில் வெனிஸ் நகரில் அச்சேறியது. அதிலே பூச்சியின் கெராயாவை மொழிபெயர்க்க அவர் தேர்ந்த சொல் அன்ரெனா என்பதாகும். அக்காலம்வரை அச்சொல்லுக்கு இலத்தீனிற் பாய்க்கழி என்பதே பொருள்.

கொம்பு என்னும் பொருளுடைய சொல் இலத்தீனிலும் உண்டு. அதனைக் காசா ஏன் விடுத்தார்? மாட்டின் கொம்பையும் பூச்சியின் மெல்லிழையையும் வேறு பிரித்துக் காட்ட விரும்பினார் எனக் கருதலாம். கிரேக்கச் சொல்லுக்குப் பாய்க்கழி என்ற பொருளும் இருந்தமையால், அவ்வழியே சென்று மறுமொழியிலும் பாய்க்கழியை எடுத்துக்கொண்டார். சொல்லைப் பின்பற்றிச் சென்ற மொழிபெயர்ப்பு இது. ஆயினும் காட்சிக்கும் அது பொருந்தியது. மத்தியதரைக் கடலில் ஓடிய முக்கோணப் பாய்க் கப்பல்களிற் பாய்க்கழி சாய்வாக நீண்டு, நுனி மெலிந்து, மரத்துக்கு மேலே உயர்ந்து நிற்கும். அக்கப்பல்களைக் கண்டு பழகியவர் கண்ணுக்கு, பூச்சியின் தலையிற் சாய்ந்து நிற்கும் இழை பாய்க்கழிபோலத் தோன்றுவது இயல்பே.

இவ்வாறு பிறந்த சொல்லை இயற்கை நூலார் விரைவிலே தமதாக்கிக்கொண்டனர். சுவீடன் நாட்டு லின்னேயஸ், 1758ஆம் ஆண்டு வெளியிட்ட தமது பெருநூலின் பத்தாம் பதிப்பில், செதிற்சிறகுப் பூச்சிகளை இவ்வுறுப்பின் வடிவங்கொண்டே மூன்றாகப் பிரித்தார். நுனி தடித்தவை வண்ணத்துப்பூச்சிகள். நடு தடித்தவை ஒருவகை அந்துப்பூச்சிகள். நுனி நோக்கி மெலிந்து செல்பவை ஏனைய அந்துப்பூச்சிகள். பிற்காலத்தார் வண்ணத்துப்பூச்சிகளுக்குக் 'கதைக்கொம்பின' என்று பொருள்படும் கிரேக்கப் பெயரொன்றைச் சூட்டினர். கதாயுதம்போல் நுனி தடித்த கொம்புடையவை என்பது கருத்து. காசா விலக்கிய கொம்பு இவ்வாறு மீண்டும் உள்ளே நுழைந்தது.

ஆனால் ஓர் உண்மையை நாம் மறத்தலாகாது. பெயர் நிலைபெற்றதேயன்றி, அவ்வுறுப்பின் தொழில் இன்னதென்று தெளிவாகவில்லை. ஆங்கிலேயர் அதனைத் 'தொட்டறிவது' என்னும் பொருள்படவும் அழைத்தனர். தொடுவதற்கு மட்டுந்தானா அது? 1855ஆம் ஆண்டில் அமெரிக்க மருத்துவர் கிறிஸ்தோபர் ஜோன்ஸ்டன், நுளம்பின் அன்ரெனாவின் அடியிலுள்ள பகுதியை ஆராய்ந்து, அது கேட்கும் பொறி என்று எழுதினார். 1874ஆம் ஆண்டில் அல்பிரட் மேயர் என்னும் பௌதிக அறிஞர், ஆண் நுளம்பின் அருகே இசைக்கவைகளை ஒலிக்கச் செய்தார். விநாடிக்கு 512 முறை அதிரும் கவை ஒலித்தபோது அதன் அன்ரெனாவின் நுண்மயிர்கள் சிறப்பாக அதிர்ந்தன. பெண் நுளம்பின் சிறகொலி கேட்டு ஆண் நுளம்பு அதனை நாடுவது இவ்வுறுப்பினாலேயே என்பது இன்று தெளிந்த செய்தி.

இனி வானொலிக்கு வருவோம். 1895ஆம் ஆண்டில், இத்தாலி நாட்டிற் பொலோஞா நகரை அடுத்த தம் குடும்ப இல்லத்தில், மார்க்கோனி என்னும் இளைஞர் மின்காந்த அலைகளைக்கொண்டு சோதனை செய்துவந்தார். கருவியின் ஒரு முனையை நிலத்திற் புதைத்து, மறுமுனையை உயரத்தில் வைத்தபோது சைகை நெடுந்தொலைவு சென்றது. ஏறத்தாழ இரண்டு கிலோமீற்றருக்கு அப்பால், குன்றின் மறுபுறத்திலும் அது எட்டியது. கம்பியை உயரத்தில் நிறுத்த நெடிய கழி வேண்டும். அத்தகைய கழிக்கு இத்தாலிய மொழியில் அன்ரெனா என்பதே பெயர். பழைய இலத்தீன் மாலுமிகள் விட்டுச் சென்ற சொல் அது. நாளடைவில் கழியின் பெயர் கம்பிக்காயிற்று. 1901ஆம் ஆண்டு டிசம்பர் 12ஆம் நாள், இங்கிலாந்திலிருந்து அத்திலாந்திக் கடல் கடந்து வந்த சைகையை நியூபவுண்லாந்திற் கேட்டதாக மார்க்கோனி அறிவித்தார். அன்று அவரது கம்பியைத் தாங்கியது கழியன்று, காற்றிற் பறந்த பட்டம். கழி போய்விட்டது; பெயர் நின்றது.

இந்தச் செய்திகள் உலகெங்கும் பரவிய நாளிலே, பிரான்சு நாட்டுப் பூச்சியியல் அறிஞர் பாபர் பெரிய மயிற்கண் அந்துப்பூச்சிகளை ஆராய்ந்துகொண்டிருந்தார். கூட்டில் அடைத்த ஒரு பெண்பூச்சியை நாடி, இருளில் ஆண்பூச்சிகள் கூட்டமாக வந்தன. கம்பியில்லாத் தந்தியைப் போன்ற அலைகளைப் பெண்பூச்சி விடுக்கின்றதோ என்று அவர் ஐயுற்றார். பெண்பூச்சியைத் தகரம், மரம், அட்டை முதலியவற்றாலான பெட்டிகளில் வைத்துப் பார்த்தார். பெட்டி முற்றாக மூடப்பட்டபோது ஒன்றும் வரவில்லை. சிறிது இடைவெளி இருந்தபோது வந்தன. ஆகவே அலைத்தந்தி என்னும் எண்ணத்தை அவர் கைவிட்டார். விடை 1959ஆம் ஆண்டிற் கிடைத்தது. ஜேர்மனிய அறிஞர் பூட்டனான்ற் குழுவினர், ஏறத்தாழ 20 ஆண்டு உழைத்து, ஐந்து இலட்சம் பட்டுப்பூச்சிப் பெண்களிலிருந்து அவை விடுக்கும் மணப்பொருளைப் பிரித்தெடுத்தனர். ஆண்பூச்சியின் சீப்புப்போன்ற அன்ரெனா, அம்மணத்தின் மிக நுண்ணிய அளவையும் காற்றிலிருந்து பற்றிக்கொள்கின்றது.

ஆகவே பெயரொற்றுமை முன்னே வந்தது. தொழிலொற்றுமை பின்னே தெளிந்தது. தொலைவிலிருந்து வரும் செய்தியை வாங்குதல் இரண்டுக்கும் பொதுவாயிற்று. எனினும் இரண்டும் ஒன்றல்ல. பூச்சி வாங்குவது மணமும் காற்றின் அதிர்வும்; கம்பி வாங்குவது மின்காந்த அலை. அன்றியும் ஒலிபரப்பு நிலையத்துக் கம்பி வாங்குவதன்று, விடுப்பது. ஆங்கிலேயர் இவ்வேறுபாட்டைப் பன்மை வடிவிற் காட்டுவர். பூச்சிக்குரியதற்கு 'அன்ரெனே' என்னும் இலத்தீன் பன்மையும், கருவிக்குரியதற்கு ஆங்கிலப் பன்மையும் பெரும்பாலும் வழங்குகின்றன. கருவிக்கு 'ஏரியல்' என்ற வேறு சொல்லும் அவர்களிடம் உண்டு. 1925ஆம் ஆண்டில் ஒலிபரப்புத் தொடங்கிய நம் இலங்கையிற் பழைய நேயர்கள் பலர் அச்சொல்லோடேயே பழகினர்.

தமிழில் அறிவியல் எழுதப் புகுந்தோர் முன்னேயும் அன்ரெனா என்ற சொல் வந்து நின்றது. காசாவைப் போலச் சொல்லைப் பின்பற்றியிருந்தால் அவர்கள் பாய்க்கழி என்று எழுதியிருப்பர். கரப்பானின் பாய்க்கழி என்று மாணவர் படித்திருப்பர். அவ்வாறு நிகழவில்லை. அவர்கள் பூச்சியையே பார்த்து, 'உணர்கொம்பு' என்று பெயரிட்டனர். கொம்பு என்றதனால் வடிவம் விளங்கிற்று. அரிஸ்டோட்டில் கண்ட உவமையும் மீண்டது. உணர் என்றதனாற் தொழில் விளங்கிற்று. ஆங்கிலச் சொல் தொடுதலோடு நின்றுவிட, உணர்தல் என்னும் தமிழ்ச்சொல் தொடுதல், முகர்தல், கேட்டல் யாவற்றையும் தன்னுள் அடக்கியது. ஆய்வு வளர்ந்தபோதும் அப்பெயரை மாற்ற வேண்டிய தேவை எழவில்லை. அதனை வானொலிக் கம்பிக்கு இடாது விட்டதும் அறிவுடைமையே. கம்பி எதனையும் உணர்வதில்லை.

கலைச்சொல் ஆக்குவோர் இதிலிருந்து கற்கத்தக்கது ஒன்றுண்டு. பிறமொழிச் சொல்லின் பிறப்பை ஆராய்தல் இனிது. அச்சொல் நடந்த வழியை அறிதல் பயனுடைத்து. ஆனால் நம் மொழியிற் பெயரிடும் வேளையில், அச்சொல் சுட்டும் பொருளை நம் கண்ணாலே ஒருமுறை நோக்குதல் வேண்டும். அவ்வாறு நோக்கியோர் தந்த பெயரே இன்று நம் மாணவர் நாவில் எளிதாக வழங்குகின்றது.