களம் கண்டவர்கள்: வலது மூலையில் சேரலாதன்

அமெரிக்கக் கால்பந்தில் தற்காப்பு அணியின் கடைசி வரிசையில் நின்று, எதிரணி எறியும் பந்தை அதன் ஆட்டக்காரர் கைப்பற்றவிடாமல் தடுப்பவர்களை ‘டிஃபென்சிவ் பேக்’ என்பர். அவர்களுள் இரு ஓரங்களிலும் நிற்பவர் ‘கார்னர்பேக்’, நடுவில் ஆழத்தில் நிற்பவர் ‘சேஃப்டி’ எனப் பிரிக்கப்படுவர். அந்த ஆட்டம் தமிழ்நாட்டில் வேரூன்றவில்லை என்றாலும், அந்தப் பணி இங்குள்ளோருக்குப் புதியதன்று. திண்டுக்கல் நகரைச் சுற்றி வேடசந்தூர், ஒட்டன்சத்திரம், நிலக்கோட்டை எனப் பரந்து கிடக்கும் சமவெளி ஊர்களில், பொங்கலையும் கோயில் திருவிழாவையும் ஒட்டி விடிய விடிய நடக்கும் கபடிப் போட்டிகளில், ஒவ்வோர் அணியிலும் இருவர் இரு மூலைகளில் நின்று ஏறக்குறைய அதே காவலைச் செய்கின்றனர். அவர்களைக் ‘கார்னர்’ என்றும், அவர்களுக்கு உள்பக்கமாக நின்று துணை செய்வோரைக் ‘கவர்’ என்றும் களத்தில் வழங்குவர். மூலைக் காவலையே தொழிலாக்கி, நாற்பத்தாறு வயது வரை அதில் நிலைத்த தமிழர் தர்மராஜ் சேரலாதன்.

அவருடைய ஆட்டத்தின் அருமை விளங்க, மூலையில் நிற்பவரின் வேலை இன்னதென்று முதலில் தெரிய வேண்டும். ஆடவர் கபடிக் களம் 13 மீட்டர் நீளமும் 10 மீட்டர் அகலமும் கொண்டது, நடுக்கோட்டிலிருந்து 3.75 மீட்டர் உள்ளே ‘பாக் லைன்’ எனும் கோடும், அதற்கு ஒரு மீட்டர் பின்னால் போனஸ் கோடும் இடப்பட்டிருக்கும். பாடி வருபவருக்கு 30 விநாடிகளே உண்டு. எதிரே ஆறு பேருக்குக் குறையாமல் நிற்கும்போது அவர் போனஸ் கோட்டுக்கு அப்பால் ஒரு காலை ஊன்றி, பின்னங்காலைத் தரையிலிருந்து எடுத்துவிட்டால் ஒரு புள்ளி கிடைக்கும். அந்தப் புள்ளிக்காக அவர் ஒற்றைக் காலில் நிற்கும் அரை நொடிதான் மூலையில் இருப்பவரின் வாய்ப்பு. அதுவரை முழங்கால் மடக்கிக் குனிந்திருந்தவர், ஊன்றிய கணுக்காலை இரு கைகளாலும் கவ்வித் தன் பக்கம் இழுக்க, மறுகணம் கவர் வந்து மேலே விழுந்து வழியை அடைக்கிறார். ஒரு கணம் முந்திப் பாய்ந்தால் பாடி வந்தவர் காலை உருவிக்கொண்டு நடுக்கோட்டைத் தொட்டுவிடுவார். பிடித்தவர் வெளியே போவதோடு, உதவிக்கு வந்து தொட்டவர்களும் கூடவே வெளியேற நேரும். ஆதலால் மூலைக் காவலுக்குக் கை வலிமையைவிடப் பொறுமையே முதல் தகுதியாகிறது.

சேரலாதன் 1975ஆம் ஆண்டு தஞ்சாவூர் மாவட்டத்துத் திருச்சனம்பூண்டியில் பிறந்தவர். அவருடைய தம்பி கோபுவும் கபடி ஆட்டக்காரரே. புரோ கபடி லீக் 2014இல் தொடங்கியபோது சேரலாதனுக்கு வயது முப்பத்தொன்பது. பெரும்பாலான விளையாட்டுகளில் ஓய்வை அறிவித்துவிடும் அந்த வயதில்தான் அவருடைய தொழில்முறை ஆட்டம் நாடறியத் தொடங்கியது. பெங்களூரு புல்ஸ் அணியில் தொடங்கி, தெலுங்கு டைட்டன்ஸ் வழியாக 2016இல் பாட்னா பைரேட்ஸ் அணியின் தலைவரானார். அந்தப் பருவத்தில் பர்தீப் நர்வால் பாடிச் சென்று புள்ளிகளைக் குவித்தார். இடது மூலையில் ஈரானின் ஃபசல் அத்ராச்சலியும் வலது மூலையில் சேரலாதனும் நின்று அந்தப் புள்ளிகள் கைநழுவாமல் காத்தனர். இறுதியாட்டத்தில் பாட்னா, ஜெய்ப்பூர் பிங்க் பாந்தர்ஸை 37-29 என வென்றது. அதே ஆண்டு அக்டோபரில் அகமதாபாத்தில் நடந்த உலகக் கோப்பையில், ஈரானை 38-29 என வீழ்த்திப் பட்டம் பெற்ற இந்திய அணியிலும் அவர் இருந்தார். நாடெங்கும் உடன் ஆடிய இளையவர்கள் அவரை ‘அண்ணா’ என்றே அழைத்தனர்.

எனினும் 2014க்கு முந்தைய அவருடைய ஆட்டத்தை எந்த அட்டவணையிலும் காண இயலாது என்பதை வரலாற்றுணர்வு உள்ள எவரும் வருத்தத்துடனேயே குறிக்க வேண்டும். லீக் வந்த பிறகுதான் ஒவ்வொருவர் பிடித்த பிடியும் ‘டேக்கிள் பாயின்ட்’ எனப் பெயருக்கு நேரே எழுதப்பட்டுப் பொதுமக்கள் பார்வைக்கு வந்தது. அதற்கு முன் கிராமத்துப் போட்டிகளில் எஞ்சியவை கோப்பையும் அணியின் பெயரும் மட்டுமே. பாடிச் சென்றவரின் பெயராவது ஒலிபெருக்கி வழியாக ஊர் நினைவில் தங்கிவிடும். மூலையில் நின்று காலைப் பிடித்தவரின் பெயர் அவ்வளவாகத் தங்குவதில்லை. 1994 ஹிரோஷிமா ஆசியப் போட்டியில் தங்கம் வென்ற அணியைச் சேர்ந்த மணத்தி கணேசனின் வாழ்வைத் தழுவி 2025இல் ‘பைசன் காளமாடன்’ திரைப்படம் வெளிவந்தது; அதன் நாயகனும் பாடிச் செல்பவனே. காவல் நிற்பவரைக் கதைத்தலைவராக்கும் வழக்கம் நம்மிடம் இன்னும் வளரவில்லை. திண்டுக்கல் வட்டாரத்தில் இன்று போட்டி நடத்துவோர் ஒரு நோட்டில் பிடிகளையும் பெயர்வாரியாகக் குறித்து வைத்தால், இருபது ஆண்டுகளுக்குப் பின் வரலாறு எழுதுபவருக்கு அது பெருஞ்செல்வமாகும்.

வயது வரம்பை மீறிய மூலைக் காவலர் என்ற வகையில் சேரலாதனுக்கு இணையாக நினைக்கத்தக்கவர், வாஷிங்டன் அணியின் கார்னர்பேக் டேரல் கிரீன். அவர் 1983 முதல் 2002 வரை இருபது பருவங்கள் ஒரே அணிக்காக ஆடி, நாற்பத்திரண்டு வயதில் விலகினார். கிரீனின் மூலதனம் வேகம். தம்மைவிட இளைய ஆட்டக்காரரோடு அவர் ஓடியாக வேண்டியிருந்தது. கபடியின் மூலைக் காவலரோ ஓட வேண்டியதில்லை, பாடி வருபவர்தாம் அவரைத் தேடி வருகிறார். சேரலாதனின் நீண்ட ஆயுளுக்கு இந்த வேறுபாடும் ஒரு காரணமாகும். அவரை ஓர் அணி நிலையாக வைத்துக்கொள்ளவும் இல்லை. புனேரி பல்தானிலும், மீண்டும் ஃபசலோடு சேர்ந்து யு மும்பாவிலும் ஆடி, 2019இல் நாற்பத்து நான்கு வயதில் ஹரியாணா ஸ்டீலர்ஸின் தலைவரானார். வடக்கே கபடி செழித்த ஹரியாணா தன் பெயர் தாங்கிய அணிக்குத் தஞ்சைத் தமிழரைத் தலைவராக்கியது, காவல் கலைக்குக் கிடைத்த உயர்ந்த மதிப்பு. ஆனால் 2017இல் தோன்றிய தமிழ் தலைவாஸ் அணியின் சீருடையை அவர் ஒரு பருவத்திலும் அணியவில்லை. தமிழ்நாட்டு ரசிகருக்கு இது ஆறாத குறை. பெருந்தொற்றுக் காரணமாகப் பார்வையாளரின்றிப் பெங்களூருவிலேயே முழுவதும் நடத்தப்பட்ட 2021-22 பருவத்தில் அவர் ஜெய்ப்பூர் அணிக்காக வலது மூலையில் நின்றார். பாடி வந்தவர்களில் பலர் அவர் வயதில் பாதியைக்கூட எட்டாதவர்கள்.

(தொடரும்)