தோல் தொழிலும் தோல் மருத்துவமும்

நம் உடலைப் போர்த்தியிருப்பதும் தோல். காலில் செருப்பாகக் கிடப்பதும் தோல். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் தனித்தனிச் சொற்கள் உண்டு. தமிழில் ஒரே சொல்தான். இந்த இரு தோல்களும் நாள்தோறும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருக்கும் வட்டாரம் ஒன்று தமிழ்நாட்டில் உண்டு. ராணிப்பேட்டை, மேல்விஷாரம், பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி என்று பாலாற்றுப் படுகையில் நீளும் தோல் பதனிடும் ஊர்களே அவை. 2019-ல் மூன்றாகப் பிரிக்கப்படும் வரை இவை யாவும் வேலூர் மாவட்டத்தில் அடங்கியிருந்தன. அதே வேலூரிலும், காட்பாடியை அடுத்த கரிகிரியிலும், மனிதத் தோலின் நோய்களைப் பற்றி உலகம் கவனித்த ஆராய்ச்சிகள் நடந்தன.

டேனரியில் வேலை செய்யும் ஒருவர் கையில் வெளிறிய திட்டு ஒன்று தோன்றுகிறது என்று வைத்துக்கொள்வோம். அது தொழுநோயாக இருக்கலாம். நிறமிச் செல்கள் தாமாக அழிவதால் உண்டாகும் வெண்புள்ளியாக இருக்கலாம். வேலையில் தொட்ட ஏதோ ஒரு ரசாயனத்தின் விளைவாகவும் இருக்கலாம். மூன்றும் வேறு வேறு. ஆனால் நம் வழக்கில் வெண்புள்ளிக்கு நெடுங்காலம் 'வெண்குஷ்டம்' என்றே பெயர். இந்த ஒரு சொல்லால் பெண்ணுக்கு வந்த வரன் நின்றதும், பந்தியில் தனி இலை போட்டதும் நம் ஊர்களில் நடந்தவைதாம். தோல் மருத்துவம் ஒரு தனித் துறையாக வளர்ந்த வரலாறு பெரும்பாலும் இப்படிப் பார்வைக்கு ஒன்றுபோல் இருப்பவற்றைப் பிரித்தறியக் கற்ற வரலாறேயாகும்.

கண்ணால் பார்த்த காலம்

மருத்துவத்தின் மற்ற துறைகளுக்கு உடலுக்குள் என்ன நடக்கிறது என்று ஊகிக்க வேண்டியிருந்தது. தோல் நோயோ கண்ணெதிரே இருந்தது. ஆயினும் அதற்கு ஒழுங்கான பெயர்கள் இல்லை. லண்டன் மருத்துவர் ராபர்ட் வில்லன் பதினெட்டாம் நூற்றாண்டின் கடைசியில் தோலில் தோன்றும் மாற்றங்களைப் பருக்கள், செதில்கள், கொப்புளங்கள், நிறத் திட்டுகள் என எட்டு வகுப்புகளாகப் பிரித்தார். செடிகளைப் பூவையும் இலையையும் கொண்டு வகைப்படுத்துவது போன்ற முறை இது. பாரிசில் 1801-ஆம் ஆண்டு செயின்ட் லூயி மருத்துவமனை தோல் நோய்களுக்கென ஒதுக்கப்பட்டது.

ஆனால் உருவத்தை வைத்துப் பெயரிட்டால் காரணம் தெரிந்துவிடுமா? வியன்னாவில் பணியாற்றிய ஃபெர்டினாண்ட் ஹெப்ரா சொறி சிரங்கை எடுத்துக்கொண்டார். இரத்தம் கெட்டுப் போவதால் சிரங்கு வருகிறது என்பதே அந்நாளைய பெரிய மருத்துவர்களின் கருத்து. நம் பாட்டிமாரும் அப்படித்தான் சொன்னார்கள்! ஹெப்ரா சிரங்கு நுண்பூச்சியைத் தம் உடலிலேயே விட்டுப் பார்த்து, நோய் வெளியிலிருந்து வருவது என்று காட்டினார். தோல் நோய்க்குக் காரணத்தை உடலுக்குள் மட்டுமன்றி வெளியேயும் தேட வேண்டும் என்ற எண்ணம் அதன்பின் வலுப்பெற்றது.

இத்தாலிய மருத்துவர் ராமஸ்ஸினி, நோயாளியிடம் என்ன தொழில் செய்கிறாய் என்றும் கேட்க வேண்டும் என 1700-லேயே எழுதிவிட்டார். அவருடைய நூலில் தோல் பதனிடுவோரும் இடம்பெறுகிறார்கள். அந்தக் கேள்வி மருத்துவமனைக்குள் வர நீண்ட காலம் பிடித்தது என்பதுதான் வருத்தம்.

பட்டையிலிருந்து குரோமியத்துக்கு

டேனரியில் நடப்பது என்ன? மாட்டுத் தோலைச் சுண்ணாம்புக் குழியில் ஊறப்போட்டு மயிரையும் மேல்தோலையும் நீக்குகிறார்கள். அடியில் ஒட்டியுள்ள சதையையும் கொழுப்பையும் சீவி எடுக்கிறார்கள். எஞ்சுவது நடுத்தோல். அது கொலாஜன் என்னும் புரத நார்களால் ஆனது. அந்தப் புரதத்தோடு ஒரு பொருளைப் பிணைத்து, அழுகாமல் செய்வதே பதனிடுதல். நம் நாட்டில் ஆவாரம்பட்டையும் கடுக்காயும் அந்தப் பொருளைக் கொடுத்தன. சென்னையில் ஆல்ஃபிரட் சாட்டர்டன் 1903-ல் குரோமிய உப்புகளைக் கொண்டு பதனிடும் சோதனைகளைத் தொடங்கினார். பட்டைக்கு வாரக்கணக்கில் ஆகும் வேலையைக் குரோமியம் ஓரிரு நாளில் முடித்துவிடும். சுழலும் டிரம்மிலிருந்து தோல் நீல நிறத்தில் வெளிவரும். ஆயினும் வட ஆர்க்காட்டில் பட்டை முறையே நெடுங்காலம் ஓங்கியிருந்தது. 1970-களில் அரைகுறையாகப் பதனிட்ட தோலின் ஏற்றுமதியை அரசு கட்டுப்படுத்தி, முழுமையாக்கிய தோலையும் செருப்பையும் ஊக்குவித்த பிறகு குரோமியம் வேகமாகப் பரவியது.

சுண்ணாம்பும் சோடியம் சல்பைடும் மாட்டின் மயிரையும் மேல்தோலையும் கரைக்கும். தொழிலாளியின் நகமும் மேல்தோலும் அதே கெரட்டின் புரதத்தால் ஆனவையே. ஆகவே குழியில் வெறுங்கையோடு வேலை செய்பவருக்குக் கை எரிந்து வெடிப்பதில் வியப்பில்லை. இது நேரடி அரிப்பு, யாருக்கும் வரும்.

குரோமியத்தின் கதை இன்னும் நுட்பமானது. ஸ்காட்லாந்தில் பைகுரோமேட்டைக் கையாண்ட சாயத் தொழிலாளரிடம் ஆழ்ந்த புண்கள் உண்டாவதை வில்லியம் கியூமின் 1827-லேயே குறித்தார். ஆனால் அதே தொட்டியில் பத்துப் பேர் வேலை செய்ய, ஒருவர் கை மட்டும் சிறிதளவு பட்டாலே சிவந்து, நீர் கோத்து, தடித்துப் போவதேன்? விடை வேதியியலில் இருக்கிறது. ஆறு இணைதிறன் கொண்ட குரோமியம் தோலுக்குள் எளிதில் நுழையும். உள்ளே அது மூன்று இணைதிறன் நிலைக்கு மாறி, நம் தோலின் புரதத்தோடு பிணைந்துகொள்ளும். டேனரிக்காரர் மாட்டுத் தோலில் வேண்டுமென்று செய்யும் அதே காரியம்தான்! பிணைந்த அந்தப் புரதத்தைச் சிலருடைய உடலின் எதிர்ப்பு மண்டலம் அந்நியப் பொருளாகக் கருதித் தாக்குகிறது. இதுவே ஒவ்வாமைத் தோல் அழற்சி. ஒருமுறை உண்டானால் பெரும்பாலும் வாழ்நாள் முழுதும் நீடிக்கும்.

எந்தப் பொருளால் ஒவ்வாமை என்று கண்டுபிடிக்க ஜோசப் யாடாசோன் 1895-ல் ஒரு வழி சொன்னார். சந்தேகத்துக்குரிய பொருளைச் சிறிதளவு முதுகில் வைத்து ஒட்டி, இரண்டு நாள் கழித்துப் பிரித்துப் பார்ப்பது. அந்த இடம் சிவந்து தடித்திருந்தால் குற்றவாளி அதுவே. இந்த 'ஒட்டுச் சோதனை' இன்றும் மாறவில்லை. 1950-ல் கொத்தனார்களின் கைப்புண்ணுக்குச் சிமெண்டில் உள்ள குரோமேட்டே காரணம் என்று நிறுவியதும் இதுதான்.

தொட்டுப் பார்த்த காலம்

இந்தியாவில் தோல் மருத்துவம் வேறு வழியாக வளர்ந்தது. 1920-களில் கல்கத்தா வெப்பமண்டல நோய்ப் பள்ளியில் தோல் நோய்ப் பிரிவு தொடங்கியது. மற்ற இடங்களில் மேக நோய்ப் பிரிவும் தொழுநோய் விடுதிகளுமே தோல் மருத்துவரின் பயிற்சிக் கூடங்களாயின. 1973-ல் இரு சங்கங்கள் இணைந்து உருவான அகில இந்திய அமைப்பின் பெயரிலேயே தோல், மேகநோய், தொழுநோய் மூன்றும் சேர்ந்து நிற்கின்றன.

வேலூர் இதற்குத் தக்க சான்று. டாக்டர் ஐடா ஸ்கடர் 1909 முதல் காரில் குடியாத்தம் சாலை வழியே சென்று மரத்தடிகளில் வைத்தியம் பார்த்தார். அங்கே வந்தவர்களில் தொழுநோயாளிகளும் இருந்தனர். 1873-ல் நார்வேயின் ஹான்சன் நோய்க்கிருமியைக் கண்டுபிடித்திருந்தும் மருந்து கிடைக்கவில்லை. 1940-களில் சல்ஃபோன் மருந்துகள் வந்தபின் நிலை மாறியது. செங்கற்பட்டில் அவற்றைப் பயன்படுத்தியவர் ராபர்ட் காக்ரேன். வேலூர் மருத்துவக் கல்லூரிக்கும் பொறுப்பேற்றிருந்த அவர், 1946-ல் அங்கு வந்த இளம் அறுவை மருத்துவர் பால் பிராண்டைச் செங்கற்பட்டுக்கு அழைத்துச் சென்று மடங்கிப்போன கைகளைக் காட்டினார்.

தொழுநோயில் விரல்கள் அழுகி விழுகின்றன என்றே எல்லாரும் நம்பினர். பிராண்டும் உடன் உழைத்தவர்களும் வேறொன்றைக் கண்டனர். கிருமி நரம்பைத் தாக்குகிறது, உணர்ச்சி போகிறது, வலி இல்லாததால் நோயாளி சூடான பாத்திரத்தைப் பிடிக்கிறார், செருப்பில் முள் குத்தியதறியாமல் நடக்கிறார். காயமும் அதில் சேரும் சீழுமே விரலைத் தின்கின்றன. ஆகவே காயத்தைத் தடுத்தால் விரலைக் காக்கலாம். தசைநாண்களை இடம் மாற்றித் தைத்து மடங்கிய விரல்களை நிமிர்த்தும் அறுவை சிகிச்சை வேலூரில் உருவாயிற்று. 1955-ல் கரிகிரியில் ஷீஃபலின் தொழுநோய் ஆராய்ச்சி நிலையம் அமைந்தது. உணர்ச்சியற்ற பாதங்களுக்கென மெத்தென்ற நுண்துளை ரப்பர் செருப்புகள் செய்யப்பட்டன. செருப்புக்குப் பேர்போன வட்டாரத்தில் மிகப் பயனுள்ள செருப்பு இதுவென்றே சொல்வேன். அதில் அழகு குறைவுதான்.

தோல் மருத்துவத்துக்கு இதனால் கிடைத்த பாடம் எளியது. திட்டைப் பார்த்தால் போதாது, தொட வேண்டும். தொழுநோய்த் திட்டு பால் வெள்ளையாக இருப்பதில்லை. வெளிறியோ சற்றுச் சிவந்தோ இருக்கும். பஞ்சால் வருடினால் பெரும்பாலும் உணர்ச்சி குறைந்திருக்கும். முழங்கைக்குப் பின்னுள்ள நரம்பு தடித்திருக்கலாம். வெண்புள்ளியோ பால் வெள்ளை, உணர்ச்சியில் குறைவில்லை, தொற்றவும் தொற்றாது. ஒரு துண்டுப் பஞ்சு இத்தனை சொல்லிவிடும். 1981-ல் உலக சுகாதார நிறுவனம் கூட்டு மருந்துச் சிகிச்சையைப் பரிந்துரைத்தபின் தொழுநோய் குணமாகும் நோயாயிற்று. 2005-ன் இறுதியில் நாடளவில் பதினாயிரம் பேருக்கு ஒருவர் என்ற அளவுக்கும் கீழே வந்தது. நோய் அறவே மறையவில்லை. புதிய நோயாளிகள் ஆண்டுதோறும் கண்டறியப்படுகிறார்கள்.

மூன்றாவது திட்டு

ரசாயனத்தால் வரும் வெண்திட்டை முதன்முதலில் தெளிவாகக் காட்டியதும் ஒரு டேனரிதான். 1939-ல் அமெரிக்காவில் தோல் பதனிடும் தொழிலாளர் பலருக்குக் கைகளில் நிறம் போயிற்று. ஆலிவர், ஷ்வார்ட்ஸ், வாரன் என்னும் மருத்துவர்கள் ஆராய்ந்தனர். வெள்ளையான பகுதி ரப்பர் கையுறை மூடிய பகுதியே! ரப்பர் கெடாதிருக்கச் சேர்த்த ஹைட்ரோகுயினோன் வழிப்பொருள் ஒன்று நிறமிச் செல்களைக் கொன்றிருந்தது. கையைக் காக்கப் போட்ட உறையே கையின் நிறத்தைக் கவர்ந்தது.

பின்னாளில் அலகாபாத் மருத்துவர்கள் ஸ்டிக்கர் பொட்டு வைத்த நெற்றியில் விழும் வெண்திட்டுக்கு அதன் பசையிலுள்ள பீனால் வகைப் பொருளே காரணம் என்றனர். அதே இனத்துப் பிசின் செருப்புப் பசைகளிலும் பயன்படுகிறது. ஆம்பூர்ச் செருப்புத் தொழிற்சாலைகளில் பெண்கள் பெருமளவில் வேலை செய்கிறார்கள். அவர்களில் ஒருத்தி கையில் வெண்திட்டோடு வந்தால், எந்தப் பசையைத் தொடுகிறாய், கையுறை உண்டா, விடுமுறையில் குறைகிறதா என்று கேட்காமல் வெறும் களிம்பு எழுதிக் கொடுப்பது பாதி வைத்தியமே.

சட்டம் இதை அறியாமல் இல்லை. 1948-ன் தொழிற்சாலைச் சட்டம் அறிவிக்க வேண்டிய நோய்களின் பட்டியலில் குரோமியப் புண்ணையும் ஆந்த்ராக்ஸையும் சேர்த்தது. ஐரோப்பிய ஒன்றியமோ தோலில் ஆறு இணைதிறன் குரோமியம் கிலோவுக்கு 3 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக் கூடாதென 2015 மே முதல் விதித்தது. ஆம்பூர் செருப்பை அணியும் ஐரோப்பியரின் பாதத்துக்கு எண்ணளவில் ஒரு காவல் கிடைத்துவிட்டது. அதைச் செய்பவரின் கைக்கு உள்ள காவல், உறையும் மேற்பார்வையும் எவ்வளவு ஒழுங்காக இருக்கின்றனவோ அவ்வளவுதான்.

மூன்று இணைதிறன் குரோமியத்தால் பதனிட்ட தோலில் வெப்பத்தாலும் எண்ணெய்ப் பூச்சாலும் ஆறு இணைதிறன் குரோமியம் சிறிது உண்டாகிவிடுவதுண்டு. தாவரத் துவர்ப்பொருளைக் கொண்டு மறுபடி பதனிட்டால் அது தடைபடுகிறது. குரோமிய ஒவ்வாமை ஏற்பட்ட தொழிலாளி டேனரி வேலையை விட்டாலும், காலில் குரோமியத் தோல் செருப்பு இருக்கும் வரை பாதப் புண் ஆறுவதில்லை. அவருக்கு மருத்துவர் சொல்வது, ஆவாரம்பட்டையில் பதனிட்ட பழைய மாதிரிச் செருப்பைத் தேடி வாங்கிக்கொள்ளுங்கள் என்பதே.