மெசின் மிச்சம் பிடிச்ச நேரம் யாருக்கு?

ஒரு பெட்டிக்குள் உயிருள்ள பன்றியைத் தள்ளுகிறார்கள். மறுபக்கம் சொசேஜஸ் வருகிறது. 1890களில் லூமியர் சகோதரர்கள் எடுத்த, ஒரு நிமிசம்கூட ஓடாத படம் இது. சினிமா பிறந்த கையோடயே மெசினைக் கேலி பண்ணுற சினிமாவும் பிறந்திருச்சு.

1922இல் பஸ்டர் கீட்டனின் 'தி எலக்ட்ரிக் ஹவுஸ்' வந்தது. தாவரவியல் படித்தவரின் கைக்கு மின் பொறியியல் சான்றிதழ் மாறிப் போய்விடுகிறது. அவரும் ஒரு பணக்காரர் வீட்டுக்கு வயரிங் செய்யப் போகிறார். படிக்கட்டு தானாக நகரும், சாப்பாடு குட்டி ரயிலில் மேசைக்கு வரும். உண்மையான பொறியியலாளர் ஆத்திரத்தில் வயர்களை மாற்றிவிட, வீடே தலைகீழாகிறது. இந்தக் கதையை முதல் தடவை படமாக்கியபோது, அந்தப் படிக்கட்டில் மாட்டி கீட்டனின் கணுக்கால் நிஜமாகவே முறிந்தது.

அடுத்தது சாப்ளினின் 'மாடர்ன் டைம்ஸ்', 1936. தமிழிலேயே 1931இல் 'காளிதாஸ்' பேசிவிட்டது. ஆனாலும் சாப்ளின் தன் தொழிலாளியைப் பேசவிடவில்லை. முதலாளியின் குரல் திரை வழியாக வருகிறது, விற்பனைக்காரரின் குரல் இசைத்தட்டிலிருந்து வருகிறது. விற்க வந்த சாமான், தொழிலாளிக்குச் சோறு ஊட்டும் மெசின். பகல் சாப்பாட்டு நேரத்தை மிச்சம் பிடிக்கத்தான் அது.

சோளப்பொத்தி வாயில் கிடந்து சுழலுது, சூப் மூஞ்சியில் கொட்டுது, இரும்பு நட்டைக்கூட ஊட்டிவிடுது. நடுநடுவே வாய் துடைக்கும் பஞ்சு வந்து வாயைத் துடைச்சுவிடுது! முதலாளி மெசினை வேண்டாம் என்கிறார். ஆளுக்கு வலிச்சுதேன்னு இல்லை, நடைமுறைக்கு ஒத்துவராதுன்னு.

இப்போ கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. அந்த மெசின் பழுதில்லாம ஓடியிருந்தா? சாப்பாட்டு நேரமே போயிருக்கும். அதாவது, அந்தப் பழுதுதான் தொழிலாளியைக் காப்பாத்துச்சு.

தெரணியகலைப் பக்கத்துத் தோட்டங்களில் வளர்ந்தவங்களுக்கு இதைப் பெரிசா விளக்கத் தேவையில்லை. விடிஞ்சா பெரட்டு, அப்புறம் கொழுந்து நிறுவை, கிலோ குறைஞ்சா அரைப்பேர். நேரத்தையும் நிறையையும் கணக்குப் பண்ணுறது எப்பவும் வேற ஒரு கைதான். இப்போ நாட்டுல சில தோட்டங்களில் கொழுந்து வெட்டுற மெசினும் வந்திருக்கு. மெசின் வரட்டும், முதுகு நோவு குறைஞ்சா நல்லதுதான். ஆனா அதனால மிச்சமாகிற நேரம் கொழுந்து பறிக்கிற அம்மாமாருக்குக் கிடைக்குதா, இல்லை எடுக்கவேண்டிய கிலோ மட்டும் கூடுதா? மெசின் வாங்குற அன்னைக்கே கேட்கவேண்டிய கேள்வி இது. சாப்ளின் படத்துத் தொழிலாளிக்குத்தான் குரல் இல்லை, நமக்கு இருக்கு.