எது புதியது, எது சரியானது? விளையாட்டைச் சேமித்து வைத்த கதை



இன்று கொஞ்சம் நீளமான பதிவு. காபியோடு உட்கார்ந்து படியுங்கள். இந்தக் கோடை விடுமுறையில் என் கையால் ஒரு தவறு நடந்துவிட்டது. அது ஏன் நடந்தது என்று தெரிந்துகொள்ளப் போய், ஐம்பது வருட வரலாறு ஒன்றைப் படித்துவிட்டேன். படித்ததை வகுப்பில் சொல்லாமல் இருக்க முடியாத பழக்கம் ஓய்வு பெற்ற பிறகும் போகவில்லை.

முதலில் நடந்ததைச் சொல்கிறேன்.

பெங்களூரில் இருக்கும் என் மகள் வயிற்றுப் பேரனுக்கு ஒரு கணினி விளையாட்டு என்றால் உயிர். சண்டை, துப்பாக்கி எதுவும் கிடையாது. நிலத்தை உழுது, விதைத்து, தண்ணீர் ஊற்றி, மாடு கோழி வளர்க்கிற விளையாட்டு. பொங்கலுக்கு வந்தபோது என் லேப்டாப்பிலும் அதைப் போட்டு விளையாடினான். ஊருக்குப் போனபின் அவன் வீட்டுக் கணினியில் தொடர்ந்தான். ஒரு கணினியில் விளையாடியது கிளவுடுக்குப் போய், அங்கிருந்து இன்னொரு கணினிக்குத் தானாக வந்துவிடும். அதனால் எந்த வீட்டில் இருந்தாலும் அவனுக்கு ஒரே தோட்டம்தான்.

மே மாதம் அவன் வருவதற்கு முந்தைய இரவு எனக்கு ஒரு ஆசை. லேப்டாப்பைத் திறந்து விளையாடிப் பார்த்தேன். அன்று எங்கள் தெருவில் இன்டர்நெட் இல்லை. அதனால் எனக்குக் கிடைத்தது பொங்கல் சமயத்துப் பழைய தோட்டம். நாலு செடிக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டுப் படுத்துவிட்டேன்.

மறுநாள் பிள்ளை வந்துவிட்டான். நெட்டும் வந்துவிட்டது. அவன் குளித்துவிட்டு வருவதற்குள் விளையாட்டைத் திறந்து வைப்போம் என்று போனேன். திரையில் ஒரு கேள்வி வந்தது. இந்தக் கணினியில் இருப்பதும் கிளவுடில் இருப்பதும் ஒன்றாக இல்லை, எதை வைத்துக்கொள்ள வேண்டும் என்று. இரண்டுக்கும் பக்கத்தில் தேதி போட்டிருந்தது. என் லேப்டாப்பில் இருந்தது நேற்று இரவு. கிளவுடில் இருந்தது அதற்கு முந்தைய நாள். புதியதுதானே சரியாக இருக்கும்? என்னுடையதை அமுக்கினேன்.

ஈரத் தலையோடு வந்து பார்த்தவன் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "பரவாயில்ல அம்மாச்சி" என்று சொல்லிவிட்டுத் திண்ணைக்குப் போய்விட்டான். முப்பது வருடத்துக்கு மேல் பிள்ளைகளோடு இருந்தவள் நான். எந்தப் "பரவாயில்ல" உண்மை, எது இல்லை என்று எனக்குத் தெரியாதா? அவனுடைய நாலு மாத உழைப்பை ஒரே அமுக்கில் அழித்துவிட்டேன்.

அன்று இரவு என்ன நடந்தது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். இப்போது பாடத்துக்கு வருவோம்.

விளையாட்டைச் சேமித்து வைப்பது என்றால் என்ன? ஆட்டக்காரர் எங்கே நிற்கிறார், பையில் என்ன இருக்கிறது, எந்தக் கதவைத் திறந்துவிட்டார் என்கிற நிலவரக் குறிப்பு, அவ்வளவுதான். அந்தக் குறிப்பு யார் கையில் இருக்கிறது என்பதுதான் இந்த வரலாறு முழுக்க மாறிக்கொண்டே வந்திருக்கிறது.

ஆரம்பத்தில் குறிப்பே கிடையாது. 1978இல் ஜப்பானில் டைட்டோ நிறுவனத்தின் ஸ்பேஸ் இன்வேடர்ஸ் வந்தது. அதிகபட்ச மதிப்பெண் திரையின் மேலே நிற்கும். இரவு கடைக்காரர் இயந்திரத்தை அணைத்தால் அதுவும் போய்விடும். மறுநாள் காலை எல்லோரும் பூஜ்யத்திலிருந்துதான் தொடங்க வேண்டும்.

அமெரிக்கப் பல்கலைக்கழகங்களின் பெரிய கணினிகளில் மட்டும் நிலைமை வேறு. அங்கே வட்டு இருந்தது, கோப்பு இருந்தது. 1970களின் பிற்பகுதியில் அங்கே பரவிய 'அட்வென்ச்சர்' என்ற குகை விளையாட்டைப் பாதியில் நிறுத்திவிட்டு, பிறகு வந்து தொடரலாம். 1980 வாக்கில் வந்த 'ரோக்' இன்னும் சுவாரசியமானது. சேமிக்க விடும். ஆனால் நீங்கள் திரும்ப வந்து திறந்ததும் அந்தக் கோப்பை அழித்துவிடும். செத்தால் செத்ததுதான், பழைய இடத்துக்குத் திரும்பி வந்து ஏமாற்றக் கூடாது என்பது அதன் சட்டம். மாணவர்கள் சும்மா இருப்பார்களா? கோப்பை முன்கூட்டியே வேறு பெயரில் நகல் எடுத்து வைத்துக்கொண்டார்கள். ஆக, விளையாட்டுக் கோப்பை நகல் எடுத்து வைக்கிற பழக்கம் இப்படிக் கள்ளத்தனமாகவும் வளர்ந்திருக்கிறது! இந்தக் கள்ளத்தனத்தை நினைவில் வையுங்கள், பின்னால் வரும்.

வீட்டு டிவியில் மாட்டி விளையாடும் பெட்டிகளில் அந்த வசதி இல்லை. 1990களில் நம் ஊரிலும் அந்தப் பெட்டிகள் வந்தனவே, உங்களில் பலர் மதியச் சாப்பாட்டை மறந்து விளையாடியிருப்பீர்கள். சூப்பர் மாரியோவில் கடைசிக் கோட்டை வரை போயிருக்கும்போது கரண்ட் போகும். மறுபடி முதல் குழியிலிருந்து தாண்ட வேண்டும். 1985இல் வந்த அந்த விளையாட்டில் சேமிக்க வழியே கிடையாது. மின்வாரியத்தைத் திட்டிய உங்களுக்கு அன்று இது தெரிந்திருக்காது.

இதற்கு ஜப்பானியர்கள் கண்டுபிடித்த ஒரு வழி என்னை அசத்திவிட்டது. 1986இல் வந்த 'டிராகன் குவெஸ்ட்' விளையாட்டில், நிறுத்தும்போது உங்களுக்கு 20 எழுத்துகள் கொண்ட ஒரு மந்திரம் தரப்படும். உயிர்ப்பிக்கும் மந்திரம் என்ற பொருளில்தான் அதற்குப் பெயரே. அதை நோட்டில் எழுதி வைத்துக்கொண்டு, மறுநாள் அப்படியே உள்ளிட்டால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

இதில் கவனிக்க வேண்டியது, பெட்டிக்குள் எதுவும் சேமிக்கப்படவில்லை. நிலவரக் குறிப்பே அந்த எழுத்துகளுக்குள் சுருட்டி வைக்கப்பட்டிருக்கிறது. பெட்டிக்கு நினைவு கிடையாது, பிள்ளையின் நோட்டுதான் அதன் நினைவு. அதே மந்திரத்தைப் பக்கத்து வீட்டுப் பெட்டியில் போட்டாலும் வேலை செய்யும். இன்று கிளவுட் செய்வதை அன்று ஒரு பென்சில் செய்திருக்கிறது!

ஆனால் எழுத்து ஒன்று பிசகினாலும் போச்சு. அடுத்த ஆண்டு வந்த இரண்டாம் பாகத்தில் மந்திரம் 52 எழுத்துகள் வரை நீண்டது. மங்கலான டிவித் திரையில் ஒன்றுபோலத் தெரியும் ஜப்பானிய எழுத்துகளைத் தப்பாக எழுதிவிட்டு அழுத பிள்ளைகள் அங்கே ஒரு தலைமுறையே உண்டு. நான் உங்களுக்கு வைத்த டிக்டேஷனில் தப்புக்கு அரை மதிப்பெண்தான் போனது. அங்கே முழு ராஜ்யமும் போனது.

அடுத்து வந்தது பேட்டரி. 1987இல் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்த 'லெஜண்ட் ஆஃப் செல்டா' விளையாட்டின் கார்ட்ரிட்ஜுக்குள்ளேயே ஒரு நாணய வடிவ பேட்டரி இருந்தது. மின்சாரம் இல்லாவிட்டால் மறந்துவிடும் ஒரு சில்லை அந்த பேட்டரி தூங்கவிடாமல் பார்த்துக்கொண்டது. நோட்டு வேண்டாம், எழுத்துப் பிழை இல்லை. பெரிய நிம்மதிதான். ஆனால் பேட்டரி சாகும்போது உள்ளே இருப்பதும் சேர்ந்து சாகும். 1999இல் ஜப்பானில் வந்த போகிமான் கோல்ட், சில்வர் விளையாட்டுகளில் ஒரு கடிகாரமும் அதே பேட்டரியில் ஓடியதால், அவை இன்னும் சீக்கிரம் தீர்ந்துபோயின. சிறு வயதில் பிடித்து வளர்த்த பிராணிகளைப் பார்க்கலாம் என்று பெரியவனான பிறகு பரணிலிருந்து எடுத்துப் போட்டால், உள்ளே ஒன்றும் இருக்காது.

பிறகு மெமரி கார்டு. 1990இல் ஜப்பானில் வந்த 'நியோ ஜியோ'வை இங்கே குறிப்பிட வேண்டும். அதன் கார்டை வீட்டுப் பெட்டியிலும் செருகலாம், அந்த வசதி உள்ள கடை இயந்திரத்திலும் செருகலாம். கடையில் விட்ட இடத்திலிருந்து வீட்டில் தொடரலாம். இரண்டு இயந்திரங்களுக்கு நடுவே ஒரே ஆட்டம் போய் வந்தது, சட்டைப் பையில் உட்கார்ந்துகொண்டு. 1994இல் சோனியின் பிளேஸ்டேஷன் வந்தது. அதன் கார்டு வெறும் 128 கிலோபைட், அதில் 15 கட்டங்கள். கட்டம் நிறைந்துவிட்டால் அண்ணன் ஆட்டத்தை அழித்துத்தான் தம்பி சேமிக்க முடியும். வீட்டுக்கு வீடு குருக்ஷேத்திரம்.

கணினியில் இந்தச் சண்டை இல்லை, வன்தட்டில் இடம் தாராளம். அங்கே வேறு தொல்லை. குறிப்பை எங்கே வைப்பது என்பதில் ஒரு ஒழுங்கு கிடையாது. ஒரு விளையாட்டு தன் ஃபோல்டருக்குள்ளேயே வைக்கும், இன்னொன்று டாக்குமெண்ட்ஸில் வைக்கும், மற்றொன்று கண்ணுக்கே தெரியாத மறைவான ஃபோல்டரில் வைக்கும். விண்டோஸ் விஸ்டாவில் 'சேவ்டு கேம்ஸ்' என்று தனி ஃபோல்டரே கொடுத்தார்கள். பாதிப் பேர் அதைச் சட்டை செய்யவில்லை. கணினியை ஃபார்மட் செய்பவர் போட்டோவை எடுத்து வைப்பார், பாடலை எடுத்து வைப்பார். எங்கே இருக்கிறது என்றே தெரியாத இதை யார் எடுத்து வைப்பார்?

2008இல் வால்வ் நிறுவனம் ஸ்டீம் கிளவுடைக் கொண்டுவந்தது. விளையாடி முடித்ததும் குறிப்பு அவர்கள் சர்வருக்குப் போகும், வேறு கணினியில் திறந்தால் அங்கே வந்து இறங்கும். 2011இல் பிளேஸ்டேஷனும் எக்ஸ்பாக்ஸும் இதே வழிக்கு வந்தன. நின்டெண்டோ ஸ்விட்ச் 2018இல் வந்தது, அதுவும் சந்தா கட்டினால்தான். சில விளையாட்டுகளுக்குப் பணம் கட்டினாலும் கிடையாது. பழைய நகலைத் திரும்பக் கொண்டுவந்து ஏமாற்றிவிடுவார்கள் என்ற பயம். ரோக் காலத்து மாணவர்கள் நினைவுக்கு வருகிறார்களா?

கிளவுட் என்றால் என்ன? இன்னொருவர் வீட்டுப் பெட்டகம். வீட்டுக்காரர் நல்லவர்தான். ஆனாலும் கடையை மூடிவிட்டால்? கூகுளின் ஸ்டேடியா சேவை 2023 ஜனவரி 18 அன்று மூடப்பட்டது. அதில் விளையாட்டும் அவர்களிடம், குறிப்பும் அவர்களிடம். முன்கூட்டியே அறிவித்து, குறிப்புகளை இறக்கிக்கொள்ள வழியும் செய்தார்கள். ஆனால் அந்தக் குறிப்பை ஏற்றுக்கொள்ள வேறு இடத்தில் அதே விளையாட்டு அதே வடிவில் இருந்தால்தானே பயன்?

பாருங்கள், ஒவ்வொரு தீர்வும் ஒரு தொல்லையைத் தீர்த்துவிட்டு, தொலைப்பதற்கு ஒரு புது வழியையும் கூடவே கொண்டு வந்திருக்கிறது. நோட்டுக்கு எழுத்துப் பிழை. பேட்டரிக்கு ஆயுள். கார்டுக்கு இடம். கணினிக்கு எங்கே என்று தெரியாமை. கிளவுடுக்கு, என்னைப் போல ஒரு அம்மாச்சி.

என் தவறு எங்கே என்று இப்போது உங்களுக்குப் புரிந்திருக்கும். கணினி எனக்குக் காட்டியது கடைசியாகக் கை வைத்த தேதியை. பேரன் எவ்வளவு தூரம் வந்திருக்கிறான் என்பதை அல்ல. பழைய தோட்டத்தில் நாலு செடிக்குத் தண்ணீர் ஊற்றியதால் அது புதியதாகிவிட்டது. பள்ளியில் இருந்தபோதும் ஒரு முறை இப்படி ஆகியிருக்கிறது. மதிப்பெண் பதிவேட்டில் செய்த திருத்தங்கள் என் கச்சா நோட்டில் ஏறவில்லை. பிறகு அந்தக் கச்சா நோட்டைப் பார்த்தே புதுப் பதிவேடு எழுதினேன். மை புதிது, மதிப்பெண் பழையது. மறுகூட்டலில் வென்ற பிள்ளைகள் மறுபடி தோற்றிருந்தார்கள். அந்தப் பிள்ளைகளே வந்து கேட்டதால் பிழைத்தேன்.

இன்னொன்றும் புரிந்தது. ஒத்திசைப்பது வேறு, காப்பு நகல் எடுப்பது வேறு. ஒத்திசைவு என்பது கண்ணாடி மாதிரி. இங்கே நல்லது நடந்தால் அங்கேயும் நல்லது, இங்கே அழிந்தால் அங்கேயும் அழிவு. காப்பு நகல் என்பது போன மாதம் எடுத்த போட்டோ. இன்று என்ன ஆனாலும் அது மாறாது.

இனி அந்த இரவு. மனசு கேட்காமல் என் பழைய மாணவன் ஒருவனுக்குப் போன் போட்டேன். சாஃப்ட்வேரில் இருக்கிறான். பெயரைப் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டான், கடைசி பெஞ்ச் என்று மட்டும் சொல்கிறேன். கதையைக் கேட்டவன் ஒரே ஒரு கேள்வி கேட்டான்.

"டீச்சர், பெங்களூர் கம்ப்யூட்டரை அதுக்கப்புறம் யாராவது ஆன் பண்ணாங்களா?"

இல்லை. மகளும் பேரனும் இங்கே. மாப்பிள்ளை மட்டும் அங்கே, அவருக்கு ஆபீஸ் லேப்டாப் தனி.

"அப்போ அதுல பழைய கோப்பு அப்படியே இருக்கும். நெட்டோட ஆன் பண்ணினா, உங்க தோட்டம் போய் அதையும் மூடிடும். முதல்ல வைஃபை பெட்டியை அணைக்கச் சொல்லுங்க."

மாப்பிள்ளைக்குப் போன் செய்தேன். "சொல்லுங்க அத்தை" என்றவர், மணி பதினொன்றுக்கு மேல் வைஃபையை அணைத்து, கணினியைப் போட்டு, அந்த மறைவான ஃபோல்டரைத் தேடிப் பிடித்து, பென் டிரைவில் நகல் எடுத்தார். பிறகுதான் நெட்டைப் போட்டார். அதே கேள்வி அங்கேயும் வந்தது. இந்த முறை தேதி பழையதாக இருந்ததைத் தேர்ந்தெடுத்தார்.

காலையில் பேரனை எழுப்பி லேப்டாப்பைக் காட்டினேன். மாட்டுக் கொட்டகை, பரங்கிக்காய், எல்லாம் இருந்தன. அவன் என்னைப் பார்த்துவிட்டு, "இனிமே கேள்வி கேட்டா என்னைக் கூப்பிடு அம்மாச்சி" என்றான். தண்டனை நியாயமானதுதான்.

பிள்ளைகளே, விளையாட்டு உங்களுக்குச் சின்ன விஷயமாக இருக்கலாம். ஆனால் உங்கள் போன் படங்களும் அப்பா அம்மாவின் குரல் பதிவுகளும் இதே மாதிரிதான் இருக்கின்றன. ஆகவே வீட்டுப்பாடம்:

1. முக்கியமானதற்கு மூன்று பிரதி. இரண்டு வேறு சாதனங்களில். அதில் ஒன்று வேறு ஊரில் அல்லது வேறு வீட்டில்.

2. கிளவுட் இருக்கிறது என்று இருந்துவிடாதீர்கள். மாதம் ஒரு முறை தனியாக ஒரு நகல், தேதி போட்டு. விளையாட்டுகளுக்கு என்றால் லூடுசாவி என்று ஒரு இலவச மென்பொருள் இருக்கிறது. அது எந்த விளையாட்டு எங்கே வைத்திருக்கிறது என்று தேடி, தானே நகல் எடுத்துக் கொடுக்கும்.

3. "எதை வைத்துக்கொள்ள?" என்று கணினி கேட்டால், பதில் சொல்லாமல் மூடிவிட்டு, இரண்டையும் நகல் எடுத்துவிட்டு வாருங்கள். தேதியை மட்டும் நம்பாதீர்கள்.

4. தவறு நடந்துவிட்டால் மற்ற கணினியை நெட்டோடு திறக்காதீர்கள்.

உங்களுடையது எதுவும் இப்படித் தொலைந்திருக்கிறதா? திரும்பக் கிடைத்ததா? கமெண்டில் எழுதுங்கள். எழுத்துப் பிழை இருந்தாலும் இந்த முறை மதிப்பெண் குறைக்க மாட்டேன்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்